குணச்சித்திர நடிகர் ஒருவரின் ஐம்பது வருடத்தைப் பார்ப்பது எப்படி: ஹ்ருஷின்ஸ்கியை வைத்து ஒரு வழி

மார்த்தாண்டம், களியக்காவிளை, பாறசாலைப் பக்கம் சினிமா பைத்தியம் பிடித்த யாரையும் கேளுங்கள், மலையாள நடிகர் திலகன் குரலைக் கேட்ட மாத்திரத்தில் எந்தப் படம், எந்தக் காட்சி என்று சொல்லிவிடுவார்கள். நெடுமுடி வேணு, ஒடுவில் உண்ணிகிருஷ்ணன், சங்கராடி ஒரு பக்கம், நாகேஷ், பூர்ணம் விஸ்வநாதன், டெல்லி கணேஷ் இன்னொரு பக்கம் என்று மலையாளம், தமிழ் இரண்டு மொழியின் குணச்சித்திர நடிகர்களையும் சொந்த மாமன்மார் போல் தெரிந்து வைத்திருக்கிற ஊர் இது. ஆனால் டிசம்பரில் திருவனந்தபுரம் திரைப்பட விழாவுக்குப் போய்விட்டுத் தம்பானூரில் நாகர்கோவில் பஸ்ஸுக்கு நிற்கும்போது பேச்செல்லாம் இயக்குநரைப் பற்றித்தான். நாட்டின் பெயர் வரும், விருது வரும், ஒளிப்பதிவு வரும். நாயகனுக்குப் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து ஒரு வார்த்தையும் பேசாமல் காட்சியைத் தூக்கிக்கொண்டு போன அந்த ஆள் யார் என்று யாரும் கேட்பதில்லை. வெளிநாட்டு முகம், பெயர் வாயில் நுழையாது, விட்டுவிடுகிறோம்.

அப்படி விட வேண்டியதில்லை. ஒரே ஒரு வெளிநாட்டுக் குணச்சித்திர நடிகரைப் பிடித்துக்கொண்டு அவருடைய வாழ்நாள் வேலையை முறையாகப் பார்த்தால் அந்த நாட்டின் சினிமாவும் கூடவே கொஞ்சம் அரசியலும் பிடிபட்டுவிடும். நான் சொல்லப்போகும் ஆள் செக் நடிகர் ருடால்ஃப் ஹ்ருஷின்ஸ்கி. 1930-களின் கடைசியில் இளைஞனாகத் திரைக்கு வந்தார், 1994-இல் இறக்கும் வரை நடித்தார், படங்களின் எண்ணிக்கை நூறைத் தாண்டும். அத்தனையும் பார்க்க வேண்டாம். எட்டு அல்லது ஒன்பது படம் போதும், ஆனால் வரிசை முக்கியம், எப்படிப் பார்க்கிறோம் என்பது அதைவிட முக்கியம்.

இவரை ஏன் சொல்கிறேன் என்றால், நம் ஆட்களுக்கு உடனே புரிகிற பின்னணி. 1920 அக்டோபர் 17-இல் நோவா வ்செல்நிச்சே என்ற சிறு ஊரில் பிறந்தார், ஊர் ஊராகப் போய் நாடகம் போடும் குடும்பம். ஒழுகினசேரியில் பிறந்த என்.எஸ்.கிருஷ்ணன் டி.கே.எஸ். சகோதரர்களின் நாடகக் கம்பெனியில் வளர்ந்த கதையைக் கேட்டு வளர்ந்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. மேடையில் வளர்ந்த நடிகனுக்குக் குரலும் உடம்பும் எப்போதும் கைவசம் இருக்கும். ஹ்ருஷின்ஸ்கியிடம் விசேஷம் என்னவென்றால், அவ்வளவையும் வைத்துக்கொண்டு கேமரா முன்னால் அதில் கால்வாசியைத்தான் செலவழிப்பார். இந்தச் சிக்கனத்தைக் கண்டுபிடிக்கக் கற்றுக்கொள்வதுதான் இந்த வழிகாட்டி முழுவதும்.

பெயரைப் பிடிப்பதும் படத்தைப் பிடிப்பதும்

முதலில் தேடுவது. ஆங்கில எழுத்தில் ஹெச், ஆர், யு, எஸ், ஐ, என், எஸ், கே, ஒய். செக் மொழியில் முதல் எஸ்ஸின் தலையில் ஒரு குட்டிக் கொக்கியும், ஐ-க்கும் ஒய்-க்கும் மேல் சாய்ந்த கோடும் இருக்கும், அவை இல்லாமல் அடித்தாலும் தேடல் பெட்டி கண்டுபிடித்துவிடும். கவனம் வேறொரு இடத்தில் வேண்டும். இவருடைய மகன் பெயரும் ருடால்ஃப் ஹ்ருஷின்ஸ்கி, பேரன் பெயரும் அதே, இரண்டு பேரும் நடிகர்கள். இன்னொரு மகன் யான், அவரும் நடிகர்தான். அதனால் எந்தப் பட்டியலைத் திறந்தாலும் பிறந்த வருடம் 1920 என்று இருக்கிறதா என்று பார்த்துவிட்டு மேலே போங்கள். 1980-களுக்குப் பிந்தைய படங்களில் இந்தக் குழப்பம் நிறைய வரும்.

ஒவ்வொரு செக் படத்துக்கும் குறைந்தது இரண்டு ஆங்கிலப் பெயர் இருக்கும் என்பதையும் மனதில் வையுங்கள். சில நேரம் மூன்று. செக் மூலப் பெயரை ஒரு தாளில் எழுதி வைத்துக்கொண்டு அதை வைத்துத் தேடுவதுதான் நல்லது.

டிஸ்க் வாங்குபவர்களுக்கு ஒரு விஷயம். டிஸ்க் எந்த நாட்டு பிளேயரில் ஓடும் என்பதற்கு ஒரு மண்டலக் குறி உண்டு. இந்தியாவுக்கான டிவிடி மண்டலம் 5, ப்ளூரே மண்டலம் சி. அமெரிக்க வெளியீடுகள் மண்டலம் 1, ப்ளூரேயில் ஏ. எனவே 2020-இல் கிரைட்டீரியன் என்ற அமெரிக்க நிறுவனம் வெளியிட்ட ‘தி கிரிமேட்டர்’ ப்ளூரேயை ஆசைப்பட்டு வாங்கினால் நம் வீட்டு பிளேயரில் ஓடாமல் போக வாய்ப்பு அதிகம். எல்லா மண்டலமும் ஓடும் பிளேயர் இருக்கிறதா என்று பார்த்துவிட்டுக் காசைப் போடுங்கள்.

இன்னொன்று, கொஞ்சம் நுணுக்கமானது, ஆனால் இந்த நடிகருக்கு ரொம்ப முக்கியம். பழைய ஐரோப்பிய டிவிடிகளில் நொடிக்கு 24 ஃபிரேமில் எடுத்த படத்தை 25 ஃபிரேமில் ஓட்டியிருப்பார்கள். 100 நிமிடப் படம் 96 நிமிடத்தில் முடிந்துவிடும், அது பரவாயில்லை, ஆனால் சரிசெய்யாமல் விட்டிருந்தால் குரலும் கூடவே கொஞ்சம் மேலே ஏறிவிடும். ஹ்ருஷின்ஸ்கியின் வேலையில் பாதி அந்தத் தாழ்ந்த, மெத்தென்ற குரலில் இருக்கிறது. அது அரை ஸ்வரத்துக்கு மேல் ஏறிப்போனால் அவர் வேறு ஆளாகிவிடுவார். கிடைக்குமானால் ப்ளூரேயோ, புதிதாக மீட்டெடுத்த பிரதியோ பாருங்கள். சப்டைட்டில் முன்னே பின்னே ஓடினால், கம்ப்யூட்டரில் படம் ஓட்டும் விஎல்சி மென்பொருளில் ஜி, ஹெச் பொத்தான்களை அமுக்கி நேர்செய்துகொள்ளலாம், ஆனால் போகப் போகத் தள்ளிக்கொண்டே போகிறது என்றால் பிரதியின் வேகமும் சப்டைட்டிலின் வேகமும் வேறு என்று அர்த்தம், வேறு சப்டைட்டில் தேடுங்கள்.

எங்கே தொடங்குவது

வருட வரிசையில் பார்க்காதீர்கள். ஒரு நடிகரை முழுதாகப் பார்க்கப் போகிறேன் என்று கிளம்புபவர்கள் முதல் படத்தில் தொடங்கி, மூன்றாவது படத்தில் தூங்கி, அதோடு விட்டுவிடுகிறார்கள். இளம் வயதுப் படங்களில் இவர் ஒல்லியான, அழகான பையன். நமக்கு வேண்டிய ஆள் அங்கே இன்னும் வரவில்லை.

1985-இல் வந்த ‘வெஸ்னிச்கோ மா ஸ்த்ரெதிஸ்கோவா’வில் தொடங்குங்கள், ஆங்கிலத்தில் ‘மை ஸ்வீட் லிட்டில் வில்லேஜ்’. இயக்கம் யிர்ஷி மென்சல், எழுத்து ஸ்டெனெக் ஸ்வெராக். மென்சலை நம் பக்கம் பலருக்குத் தெரிந்திருக்கும், 2016-இல் திருவனந்தபுரம் விழாவில் வாழ்நாள் சாதனையாளர் விருது அவருக்குத்தான் கொடுத்தார்கள். ஆஸ்கர் வெளிநாட்டுப் படப் பிரிவில் கடைசிப் பட்டியல் வரை போன படம் இது. கதை ஒரு லாரி டிரைவரையும் அவருடன் வேலை பார்க்கும் வெகுளிப் பையனையும் பற்றியது. ஹ்ருஷின்ஸ்கி அந்த ஊர் டாக்டர். காரை ஓட்டிக்கொண்டே வயலையும் மலையையும் ரசிக்கத் தொடங்கிவிடுவார், கார் எங்கேயாவது போய் நிற்கும், அப்புறம் ஒன்றும் நடக்காதது போல் இறங்கி நோயாளியைப் பார்க்கப் போவார். மலையாள இயக்குநர் சத்தியன் அந்திக்காடு படங்களில் ஊருக்கு நடுவே ஒரு பெரியவர் இருப்பாரே, எல்லோர் ரகசியமும் தெரிந்து யாரையும் காட்டிக்கொடுக்காதவர், அந்த இடம். நமக்கு அந்நியமே கிடையாது, அதனால்தான் முதலில் வைக்கிறேன்.

இதில் பார்க்க வேண்டியது ஒன்றே ஒன்று: மற்றவர் பேசும்போது அவர் முகம். தன் வசனத்தை எல்லா நடிகரும் தயார் செய்துகொண்டு வருவார்கள், அடுத்தவர் வசனத்தின் போது என்ன செய்கிறார் என்பதில்தான் குணச்சித்திர நடிகர் தெரிவார். டாக்டரிடம் ஒவ்வொருவராக வந்து புலம்பும் காட்சிகளில் சப்டைட்டிலை விட்டுவிட்டு அவர் கண் இமையைப் பாருங்கள். தூங்குவது போல் பாதி மூடிய கண், அது ஒரு நூல் அளவு திறக்கும் இடத்தில்தான் அந்த மனிதருக்கு விஷயம் புரிந்தது என்று அர்த்தம்.

ஒரு வருட இடைவெளியில் இரண்டு மனிதர்

அடுத்து இரண்டு படங்களை ஒரே வாரத்தில், முடிந்தால் அடுத்தடுத்த இரவில் பாருங்கள். இந்த வழிகாட்டியில் நான் விட்டுக்கொடுக்கவே முடியாத இடம் இதுதான்.

முதல் இரவு ‘ரோஸ்மார்னே லேட்டோ’, ‘கேப்ரிசியஸ் சம்மர்’, 1968. மறுபடியும் மென்சல், விளாடிஸ்லாவ் வாஞ்சுராவின் நாவல். ஆற்றங்கரையில் குளிக்கும் இடம் நடத்தும் அந்தோனின் தூரா என்பவராக ஹ்ருஷின்ஸ்கி, அவருடைய நண்பர்களாக ஒரு ஓய்வுபெற்ற மேஜரும் ஒரு பாதிரியாரும். மழை விட்டுவிட்டுப் பெய்து கோடையே கெட்டுப்போயிருக்கிறது. கழைக்கூத்தாடி ஒருவன் அழகான உதவிப் பெண்ணோடு ஊருக்கு வருகிறான், அந்தக் கூத்தாடியாக நடித்தவர் மென்சலேதான். மூன்று நடுத்தர வயதுக்காரர்களும் அந்தப் பெண்ணுக்காக முயன்று, மூன்று பேரும் தோற்கிறார்கள். இதற்குச் செக் நாட்டின் கார்லோவி வாரி திரைப்பட விழாவின் முதல் பரிசு கிடைத்தது. தூராவுக்குத் தொப்பை உண்டு, தன்னைப் பற்றிப் பெரிய எண்ணம் உண்டு, பேச்சு மேடைப் பேச்சு போல் நீளும். ஹ்ருஷின்ஸ்கி அந்த உடம்பைக் கொஞ்சமும் மறைக்கவில்லை, வெட்கப்படவும் இல்லை. சிரிப்பு வருகிறது, ஆனால் அந்த மனிதர் மேல் ஒரு மரியாதையும் போகாமல் இருக்கிறது.

மறு இரவு ‘ஸ்பலோவாச் மிர்ட்வோல்’, ‘தி கிரிமேட்டர்’, 1969. யுராய் ஹெர்ட்ஸ் இயக்கம், லாடிஸ்லாவ் ஃபுக்ஸின் நாவல், கருப்பு வெள்ளை. 1930-களின் இறுதியில் பிராகில் ஒரு தகன மேடையில் வேலை பார்க்கும் கோப்ஃபர்கிங்கல் என்ற குடும்பஸ்தனாக ஹ்ருஷின்ஸ்கி. குடிக்க மாட்டான், புகைக்க மாட்டான், மனைவியிடம் அன்பாகப் பேசுவான், திபெத்தைப் பற்றிய ஒரு புத்தகத்தைப் புனித நூல் போல வைத்திருப்பான். எரித்தால் ஆன்மா விடுதலை அடையும் என்பது அவன் நம்பிக்கை. நாஜிகள் வருகிறார்கள், பழைய நண்பன் ஒருவன் மூலம் அவர்களுடைய பேச்சு காதில் விழுகிறது, மனைவிக்கு யூத ரத்தம் உண்டு என்று அவனுக்குச் சொல்லப்படுகிறது. அப்புறம் நடப்பதை நீங்களே பார்க்க வேண்டும். சின்னப் பிள்ளைகளோடு உட்கார்ந்து பார்க்கிற படம் கிடையாது, அதையும் சொல்லிவிடுகிறேன்.

இந்தப் படத்தை இரண்டு தடவை பார்க்கத் திட்டமிடுங்கள். முதல் தடவை சப்டைட்டிலோடு, கதைக்காக. இரண்டாவது தடவை முதல் இருபது நிமிடத்தைச் சப்டைட்டில் இல்லாமல், கேட்பதற்காக. செக் ஒரு வார்த்தை தெரியாவிட்டாலும் பரவாயில்லை. அந்தக் குரல் ஏறுவதே இல்லை என்பது அப்போதுதான் காதில் விழும். மிருகக்காட்சிச் சாலையில் குடும்பத்தோடு பேசுவதும், வேலையிடத்தில் புது ஆளுக்கு அடுப்பைக் காட்டிப் பேசுவதும், பிறகு கொலைக்கு முன்னால் பேசுவதும் ஒரே சுருதி. தாலாட்டு போல. சேர்ந்து படம் பார்க்கும் எங்கள் கூட்டத்தில் ஒரு வாத்தியார் இந்த இடத்தில் சொன்னார், “இவன் ஒண்ணுமே செய்யல்லியே, பின்ன எனக்கு எதுக்கு இப்படி பயமாட்டு இருக்கு?” அந்தக் கேள்விக்குப் பதிலைத் தேடிக்கொண்டு படத்தைப் பாருங்கள்.

கைகளையும் கவனியுங்கள். பையில் ஒரு சீப்பு வைத்திருப்பான். பிணத்தின் தலையைச் சீவுவான், அதே சீப்பால் உயிரோடு இருப்பவர் தலையையும் தன் தலையையும் சீவிக்கொள்வான். ஹ்ருஷின்ஸ்கி அதை எந்த அழுத்தமும் கொடுக்காமல், சட்டைப் பொத்தானைச் சரிசெய்வது போல் செய்கிறார். அழுத்தம் கொடுத்திருந்தால் அது ஒரு பேய்ப்படம் ஆகியிருக்கும்.

ஹெர்ட்ஸ் காட்சி மாறுவதை மறைக்கிற விதமும் நடிகரோடு சேர்ந்ததுதான். அவன் முகம் திரை நிறைய, பேசிக்கொண்டிருக்கிறான், வாக்கியம் முடிவதற்குள் கேமரா விலகினால் இடமே வேறு. ஓர் இடத்தில் தொடங்கிய பேச்சு இன்னோர் இடத்தில் முடிகிறது. அப்படி ஒட்டு தெரியாமல் இருக்க வேண்டுமென்றால் வேறு வேறு நாளில், வேறு வேறு இடத்தில் எடுத்த இரண்டு துண்டிலும் முகமும் குரலும் ஒரே அளவில் இருக்க வேண்டும். நடிப்பில் இது எவ்வளவு கடினம் என்று நாடகம் போட்ட யாரையாவது கேளுங்கள். ஒளிப்பதிவாளர் ஸ்தனிஸ்லாவ் மிலோட்டாவின் அகன்ற லென்ஸ் முகத்தை நெளிக்கிறது, அதனால் நடிகர் முகத்தை நெளிக்க வேண்டிய தேவை இல்லை என்று அவர் முடிவு செய்திருக்க வேண்டும், எனக்கு அப்படித்தான் தோன்றுகிறது.

இரண்டு இரவும் முடிந்ததும் ஒரு தாளில் தூராவுக்கும் கோப்ஃபர்கிங்கலுக்கும் பொதுவாக இருப்பதை எழுதுங்கள். வித்தியாசத்தை எழுத வேண்டாம், அது எல்லோருக்கும் தெரியும். இரண்டு பேரும் நிறையப் பேசுகிறார்கள். இரண்டு பேருக்கும் தன்னைப் பற்றி உயர்ந்த எண்ணம். இரண்டு பேரும் மெதுவாக நடக்கிறார்கள். அதே உடம்பு, அதே நிதானம், ஒன்றில் மனம் இளகுகிறது, இன்னொன்றில் உறைகிறது. குணச்சித்திர நடிகர் என்றால் ஆளே அடையாளம் தெரியாமல் மாறுபவர் என்று நாம் நினைத்துக்கொண்டிருக்கிறோம். ஹ்ருஷின்ஸ்கி மாறவே மாட்டார். திலகனும் அப்படித்தான், எந்தப் படத்திலும் திலகன் திலகனாகவே இருப்பார், ஆனால் அப்பாவாக வரும்போது ஒரு நியாயம், வில்லனாக வரும்போது வேறொரு நியாயம் அந்த ஒரே குரலுக்குள் வந்து உட்காரும்.

படம் இல்லாத வருடங்களைப் படிப்பது

இப்போது நோட்டில் மேலிருந்து கீழாகக் கோடு போட்டு மூன்று பத்தியாகப் பிரியுங்கள். படத்தின் பெயர், எடுத்த வருடம், மக்கள் பார்த்த வருடம். நம் ஊர் நடிகர்களுக்கு இரண்டாவதும் மூன்றாவதும் ஏறக்குறைய ஒன்றாக இருக்கும். இவருக்கு அப்படி இல்லை.

1968 ஜூன் 27-இல் லுட்விக் வாட்சுலிக் எழுதிய ‘இரண்டாயிரம் சொற்கள்’ என்ற அறிக்கை வெளியானது, கம்யூனிஸ்ட் செக்கோஸ்லோவாக்கியாவில் அந்த வருடம் தொடங்கியிருந்த சீர்திருத்தம் நிற்கக் கூடாது, மக்களே முன்னின்று நடத்த வேண்டும் என்பது அதன் சாரம். கையெழுத்துப் போட்டவர்களில் ஹ்ருஷின்ஸ்கியும் ஒருவர். அதை அடக்க ஆகஸ்ட் 20 இரவில் சோவியத் தலைமையிலான வார்சா ஒப்பந்த நாடுகளின் டாங்கிகள் உள்ளே வந்தன. பிறகு வந்த ஆட்சி அந்தக் கையெழுத்துகளை மறக்கவில்லை. 1970-களின் முதல் பாதியில் அவருக்குச் சினிமாக் கதவும் டிவிக் கதவும் சாத்தப்பட்டன. 1960-இலிருந்து பிராக் தேசிய நாடக அரங்கின் உறுப்பினர், மேடை மட்டும் மிஞ்சியது. ‘தி கிரிமேட்டர்’ கொஞ்ச நாள் ஓடியதும் சுருட்டி உள்ளே வைத்தார்கள், 1989-இல் ஆட்சி மாறும் வரை வெளியே வரவில்லை.

இந்த இடைவெளியைப் பட்டியலில் வெற்று வரியாக விட்டுவிட்டு அடுத்த படத்துக்குத் தாவக் கூடாது. நாற்பத்தொன்பதிலிருந்து ஐம்பத்தைந்து வரை ஒரு குணச்சித்திர நடிகருக்குப் பொன்னான வயது, அப்பா வேடமும் அதிகாரி வேடமும் தேடி வருகிற வயது. அதில் பல வருடத்தைத் திரையில் இழந்தார். நோட்டில் அந்த வருடங்களை எழுதி, எதிரில் ‘மேடை மட்டும்’ என்று குறித்து வையுங்கள். பின்னால் வரும் படங்களைப் பார்க்கும்போது அந்த வரி உங்களுக்கு வேலை செய்யும்.

இதற்கு நேர் உதாரணம் ‘ஸ்க்ர்ஷிவான்ட்சி நா நிதி’, ‘லார்க்ஸ் ஆன் எ ஸ்ட்ரிங்’. செக் எழுத்தாளர் பொஹுமில் ஹ்ராபலின் கதைகள், மென்சல் 1969-இல் எடுத்தார். 1950-களில் ஒரு பழைய இரும்பு கிடங்கில் பேராசிரியர், வக்கீல் போன்ற ‘தேவையில்லாத’ ஆட்களைத் திருத்துவதற்காக வேலை வாங்குகிறார்கள், அவர்கள் மேல் கண்காணிப்பாளராக ஹ்ருஷின்ஸ்கி. தொழிலாளியின் தோழன் என்று வாய் நிறையச் சொல்லிக்கொண்டு ஆட்களைக் கமுக்கமாக அனுப்பிவைக்கிற மனிதர். படம் உடனே தடை, 1990-இல்தான் வெளிவந்தது, அந்த வருடமே பெர்லின் திரைப்பட விழாவில் தங்கக் கரடி விருதைப் பகிர்ந்துகொண்டது. யோசித்துப் பாருங்கள், திரையில் நாற்பத்தெட்டு, நாற்பத்தொன்பது வயது முகம், அந்த முகத்தை மக்கள் முதல் முறை பார்க்கும்போது நடிகருக்கு எழுபது நெருங்கிவிட்டது. அந்த 1990 தேர்தலில் அவர் கூட்டாட்சி நாடாளுமன்றத்துக்கும் தேர்ந்தெடுக்கப்பட்டார்.

திரும்பி வந்த பிறகு

1978-இல் இரண்டு படம் பார்க்க வேண்டும். ‘அடேலா எஸ்டே நெவெசெர்ஷெலா’ சுத்தமான கேலிப் படம், நிக் கார்ட்டர் என்ற அமெரிக்கத் துப்பறிவாளன் பிராகுக்கு வந்து ஒரு வழக்கைத் துப்பறியப் போய் மனிதரைத் தின்னும் செடியோடு மோதுகிறான், செடியை அசைய வைத்தவர் யான் ஷ்வாங்க்மாயர். ஹ்ருஷின்ஸ்கி உள்ளூர் போலீஸ் அதிகாரி லெட்வினா, எப்போதும் சாப்பாடும் பீருமாக இருப்பவர். இதில் அவர் சாப்பிடும் காட்சிகளை மட்டும் பார்த்தாலும் போதும், அவசரமே கிடையாது, துப்பறிகிற வேலை பக்கத்தில் நடந்துகொண்டிருக்கும். 1981-இல் அதே இயக்குநர் ஓல்ட்ரிஷ் லிப்ஸ்கியின் கார்பேத்திய மலைக் கோட்டைப் படத்தில் இயந்திரக் கை வைத்த விஞ்ஞானியாக வருகிறார், நேரம் இருந்தால் பாருங்கள், இல்லாவிட்டாலும் குறையில்லை.

‘பாயெச்னீ முஷி ஸ் க்ளிகோவ்’ அப்படி இல்லை, இதைத் தவற விடாதீர்கள். ஆங்கிலத்தில் ‘தோஸ் வொண்டர்ஃபுல் மூவி கிராங்க்ஸ்’, மென்சல் இயக்கம். சினிமா பிறந்த புதிதில் ஊர் ஊராகப் படம் காட்டித் திரியும் பாஸ்பார்த்தே என்ற வித்தைக்காரராக ஹ்ருஷின்ஸ்கி, இங்கே முக்கிய வேடமே அவருக்கு. பிராகில் நிரந்தரமாக ஒரு கொட்டகை வேண்டும், செக் மண்ணில் செக் படம் எடுக்க வேண்டும் என்பது கனவு. 1905-இல் தொடங்கி டெண்ட் போட்டுப் படம் காட்டிய கோவைக்காரர் சாமிக்கண்ணு வின்சென்ட் உங்களுக்கு உடனே நினைவு வருவார். எனக்கு அவரோடு நம் மாவட்டத்துக்காரரும் வருகிறார். அகஸ்தீஸ்வரத்தில் பிறந்த ஜே.சி.டேனியல், முதல் மலையாளப் படத்தை எடுத்தவர், சொத்தை விற்றுப் படம் எடுத்து எல்லாம் போய், அந்த அகஸ்தீஸ்வரத்திலேயே 1975-இல் இறந்தார். இன்று கேரள அரசின் மிகப் பெரிய சினிமா விருது அவர் பெயரில் இருக்கிறது. திருவனந்தபுரத்துக்கும் கன்னியாகுமரிக்கும் நடுவில் வாழும் நாம் பாஸ்பார்த்தேயைப் பார்க்கும் கண் வேறு. ஹ்ருஷின்ஸ்கி அவரைத் தியாகியாகக் காட்டவில்லை. கடன் வாங்குகிறார், பெண்களிடம் பொய் சொல்கிறார், ஆனால் திரையில் படம் அசையும்போது அந்த முகத்தில் வரும் வெளிச்சம் பொய் இல்லை. ‘மேடை மட்டும்’ என்று நோட்டில் எழுதிய வரியை இப்போது ஒரு தடவை பாருங்கள். கேமராவை விட்டுத் தள்ளி வைக்கப்பட்ட நடிகர் திரும்பி வந்ததும், கேமராவைக் காதலிக்கிற மனிதனாக நடிக்கிறார்.

‘போஸ்திர்ஷினி’ ஹ்ராபலின் பீர் ஆலைக் கதை, அதிலும் அவர் டாக்டர்தான், க்ருன்டோராட். ‘வெஸ்னிச்கோ’ டாக்டரோடு பக்கத்தில் வைத்துப் பார்க்க வசதியாக இருக்கும். ஒரே தொழில், ஒரே இயக்குநர், சில வருட இடைவெளி. ஒருவர் ஊரின் பெரிய மனிதர், இன்னொருவர் ஊரின் நண்பர். நாற்காலியில் உட்காரும் விதத்தில் இருந்தே வித்தியாசத்தைப் பிடிக்கலாம்.

ஷ்வேக்கைப் பிற்பாடு பாருங்கள்

செக் நாட்டில் தெருவில் யாரைக் கேட்டாலும் ஹ்ருஷின்ஸ்கி என்றால் ஷ்வேக்தான். யாரோஸ்லாவ் ஹாஷெக்கின் நாவலில் வரும் அந்த அப்பாவிச் சிப்பாயாக, கரேல் ஸ்டெக்லியின் இயக்கத்தில் 1956, 57-இல் எடுத்த இரண்டு வண்ணப் படங்கள். நம் மாவட்டம் திருவிதாங்கூரிலிருந்து பிரிந்து தமிழ்நாட்டோடு சேர்ந்த சமயம். ஏன் பிற்பாடு என்கிறேன் என்றால், முதலிலேயே பார்த்தால் ஒரு சிரிப்பு நடிகர் என்று மனதில் பதிந்துவிடும். ‘தி கிரிமேட்டர்’ பார்த்த பிறகு ஷ்வேக்கின் அந்த வட்டமான, எதற்கும் தலையாட்டுகிற, எந்த உத்தரவையும் அப்படியே நிறைவேற்றுகிற புன்னகையைப் பார்த்தால் ஒரு நிமிடம் குளிரும். கோப்ஃபர்கிங்கலும் கீழ்ப்படிபவன்தான். ஷ்வேக் கீழ்ப்படிந்தே ராணுவத்தைக் குப்புறத் தள்ளுகிறான், மற்றவன் கீழ்ப்படிந்தே கொலைகாரன் ஆகிறான். பன்னிரண்டு வருட இடைவெளியில் அதே தலையாட்டல்.

கடைசியாக ‘ஒபெட்ஸ்னா ஷ்கோலா’, ‘தி எலிமெண்டரி ஸ்கூல்’, 1991. யான் ஸ்வெராக்கின் படம், போர் முடிந்த கையோடு பிராகுக்கு வெளியே ஒரு பள்ளிக்கூடம், அடங்காத பையன்கள், ராணுவ உடையில் வரும் புது வாத்தியார். ஹ்ருஷின்ஸ்கி தலைமையாசிரியர். சின்ன வேடம். உடம்பு தளர்ந்திருக்கிறது, அதை மறைக்கவில்லை, அறையில் நுழைந்து நிற்பதிலேயே அந்தப் பள்ளிக்கூடத்தின் பல வருடத்தைக் கொண்டுவந்துவிடுகிறார். சின்ன வேடங்களைப் பார்க்கும்போது ஒரு பழக்கம் வைத்துக்கொள்ளுங்கள்: அவர் வருவதற்கு முன்னால் அந்த அறை எப்படி இருந்தது, வந்த பிறகு மற்ற நடிகர்கள் எப்படி நிற்கிறார்கள் என்று பாருங்கள். மூன்று நிமிடமே வந்தாலும் அந்த மூன்று நிமிடத்துக்குப் பின் காட்சியின் எடை மாறியிருக்கும். ஒடுவில் உண்ணிகிருஷ்ணனின் பல வேடங்களை இப்படித் திரும்பப் பார்த்தேன், ஒவ்வொன்றிலும் புதிதாக ஏதாவது கிடைக்கிறது.

கூடிப் பார்ப்பதானால்

தனியாகப் பார்ப்பதைவிட நான்கைந்து பேர் சேர்ந்து பார்ப்பது நல்லது, ஒருவர் குரலைக் கவனிப்பார், ஒருவர் கையைக் கவனிப்பார், படம் முடிந்து சாயா குடிக்கும்போது சண்டை வரும், அதில்தான் பாதி விஷயம் தெளிவாகும். ஊர் வாசகசாலையில் பொதுவில் திரையிட விரும்பினால் உரிமை வைத்திருப்பவரிடம் முறைப்படி அனுமதி கேட்க வேண்டும், இதில் பழக்கமுள்ள ஃபிலிம் சொசைட்டி ஏதாவது ஒன்றோடு சேர்ந்து செய்தால் சுலபம். கேரளத்தில் 1965-இல் தொடங்கிய சித்ரலேகா முதல் இதற்கு நல்ல மரபு இருக்கிறது, பார்டர் தாண்டினால் அனுபவசாலிகள் கிடைப்பார்கள். தமிழில் ஒரு பக்கக் குறிப்பு தயார் செய்து படத்துக்கு முன் கொடுங்கள், கதையை எழுதாதீர்கள், நடிகரின் படமும், அந்த வருடம் அவருக்கு என்ன வயது, அந்த நாட்டில் என்ன நடந்துகொண்டிருந்தது என்பதும் போதும்.

ஒரு சுற்று முடிந்ததா, அடுத்த ஆளாக விளாஸ்திமில் ப்ரோட்ஸ்கியை எடுத்துக்கொள்ளுங்கள். ‘கேப்ரிசியஸ் சம்மர்’ மேஜரும், இரும்பு கிடங்கில் வேலை செய்யும் பேராசிரியரும் அவர்தான், அதனால் முகம் ஏற்கெனவே பழகியிருக்கும். அவரும் 1920-இல் பிறந்தவர். கிழக்கு ஜெர்மனியில் எடுத்த ‘ஜேக்கப் தி லையர்’ படத்துக்காக 1975-இல் பெர்லினில் சிறந்த நடிகருக்கான வெள்ளிக் கரடி வாங்கினார். தொடக்கம் அந்தப் படத்தில் வைக்கலாம், பிறகு இதே மூன்று பத்தி நோட்டு.